நாற்பத்தொன்பது கிலோ ஜூல்

மே 13, திங்கள்

மோட்டாரில் மறுபடியும் காற்று அடைத்துக்கொண்டது. பிளம்பர் தங்கையா மூன்று நாளாக "நாளைக்கு வந்துருதேன் சார்" என்கிறார். மாடிக்குக் குடத்தில்தான் தண்ணீர் தூக்குகிறேன். இடுப்பு விட்டுப்போயிற்று.

மகளிர் கல்லூரியிலிருந்து போன் வந்தது. பி.எஸ்சி. வேதியியலுக்கு அவர்களே ஒரு நுழைவுத் தேர்வு நடத்துகிறார்கள். அதை எழுதப்போகும் பெண் ஒருத்திக்குத் தசை மெலிவு நோய். இரண்டு நிமிடத்துக்கு மேல் பேனா பிடிக்க முடியாது. அவள் வாயால் சொல்ல, பக்கத்தில் உட்கார்ந்து நான் எழுத வேண்டும். இதற்கு ஸ்கிரைப் என்று பெயர். பொதுத் தேர்வுகளில் ஒன்பது பிள்ளைகளுக்கு எழுதியிருக்கிறேன். தென்காசி வட்டாரத்தில் ஸ்கிரைப் என்றால் ஆவுடையப்பன் சாரைக் கூப்பிடு என்பார்கள். காரணம் என் கையெழுத்து. பெருமைக்குச் சொல்லவில்லை. சரி, பெருமைக்குத்தான் சொல்கிறேன், என் டைரிதானே.

ஸ்கிரைப்புக்கு அந்தப் பாடம் தெரிந்திருக்கக் கூடாது என்பது விதி. "நீங்க ஹிஸ்டரிதானே சார்?" என்று கேட்டார்கள். முப்பது வருஷமாக வரலாறுதான் நடத்துகிறேன் என்றேன். அது பொய்யில்லை.

மே 16, வியாழன்

தேர்வுக்கு முன்னால் ஒருமுறை பிள்ளையைப் பார்த்துவிடுவது என் வழக்கம். பேச்சு எந்த வேகத்தில் வரும் என்று தெரிந்துகொள்ள வேண்டும். பெயர் உலகேஸ்வரி, வீட்டில் உலகு. அப்பா இல்லை. அம்மா வேலம்மாள் பீடி சுற்றுகிறார். நான் போனபோதும் மடியில் முறத்தை வைத்துச் சுற்றிக்கொண்டிருந்தார். பேசும்போது கை நிற்கவே இல்லை.

பிள்ளை சக்கர நாற்காலியில் இருக்கிறாள். கணக்கு எல்லாம் மனக்கணக்குத்தான். எழுதிப் பார்க்க முடியாததால் பழகிக்கொண்டதாம். ஒரு கணக்கு கொடுத்துப் பார்த்தேன். கண்ணை மூடிக்கொண்டு படிப்படியாகச் சொன்னாள்.

"நான் சொல்லும்போது நடுவுல எதும் கேக்காதீங்க சார். எல்லாத்தையும் வரிசையா பிடிச்சு வச்சிருப்பேன். விட்டுப்போச்சுன்னா முதல்ல இருந்து வரணும்."

"சரிம்மா. நான் வாயே திறக்க மாட்டேன்."

"எல்லாம் முடிஞ்சபிறகு வாசிச்சுக் காட்டுங்க. அது போதும்."

வேதியியல் எதற்கு, உட்கார்ந்த இடத்தில் படிக்கிற மாதிரி வேறு ஏதாவது எடுக்கலாமே என்று கேட்டேன். கேட்டிருக்க வேண்டாம். அவள் சிரித்தாள். "நான் தின்னுத மாத்திரைய யாரோ ஒருத்தர் உக்காந்து கண்டுபிடிச்சிருக்காங்கல்லா சார்? எப்படின்னு தெரிஞ்சுக்கிடணும்."

அம்மாதான் விஷயத்தைச் சொன்னார். சுற்றுவட்டாரத்தில் எந்தக் கல்லூரிக்குப் போனாலும் வேதியியல் லேப் மாடியில் இருக்கிறது. லிஃப்ட் கிடையாது. இந்த ஒரு கல்லூரியில்தான் தரைத்தளத்தில் இருக்கிறது. இவள் சொல்லச் சொல்ல இன்னொரு பிள்ளை செய்துகொடுக்கவும் அனுமதி உண்டாம். ஆனால் இருபத்து நான்கு பேருக்குத்தான் இடம். சுயநிதி வகுப்பு என்பதால் ஒதுக்கீடு எதுவும் இல்லை, ஐம்பதுக்கு யார் அதிகம் வாங்குகிறார்களோ அவர்களுக்குத்தான்.

"இது கிடைக்கலன்னா வேற வழியில்ல சார், பாத்துக்கிடுங்க" என்றார் வேலம்மாள். நான் என்ன பார்த்துக்கொள்வது, எழுதத்தானே போகிறேன் என்று நினைத்துக்கொண்டேன். கலர் சோடாவும் முறுக்கும் கொடுத்தார்கள்.

மே 18, சனி

தேர்வு நல்லபடியாக முடிந்தது.

முதலில் உறுதிமொழியில் கையெழுத்து வாங்கினார்கள். 'தேர்வர் சொன்னதைக் கூட்டாமலும் குறைக்காமலும் எழுதுவேன்.' துறைத் தலைவி சிவகாமி மேடமே வந்து எங்களைத் தனி அறையில் உட்கார வைத்தார். நல்ல மாதிரி. பிள்ளையின் நாற்காலிக்கு ஏற்ற உயரத்தில் மேசை வேண்டும் என்று இரண்டு மேசையை மாற்றிப்போடச் சொன்னார்.

பத்துக் கேள்வி, தலா ஐந்து மதிப்பெண். பிள்ளை கண்ணை மூடிக்கொண்டு மளமளவென்று சொல்லிக்கொண்டே போனாள். எனக்குத்தான் கை வலித்தது.

ஏழாவது கேள்வி பென்சீன். கார்பனை எரித்தால் எவ்வளவு வெப்பம், ஹைட்ரஜனை எரித்தால் எவ்வளவு, பென்சீனை எரித்தால் எவ்வளவு என்று மூன்று எண்ணும் கொடுத்து, கார்பனும் ஹைட்ரஜனும் சேர்ந்து பென்சீன் உருவாவதற்கான ஆற்றலைக் கேட்டிருந்தார்கள். உருவாதல் என்தால்பி. அந்த வார்த்தையைப் பார்த்ததும் எனக்கு என்னவோ போல் இருந்தது. மின்விசிறி வேறு மெதுவாகச் சுற்றியது.

"கார்பன் ஆறு. மைனஸ் முந்நூத்தித் தொண்ணூத்தி மூணரைய ஆறால பெருக்குங்க. மைனஸ் ரெண்டாயிரத்து முந்நூத்தி அறுபத்தொண்ணு. ஹைட்ரஜன் மூணு. மைனஸ் எண்ணூத்தி அம்பத்தேழு புள்ளி நாலு. ரெண்டையும் கூட்டினா மைனஸ் மூவாயிரத்து இருநூத்திப் பதினெட்டு புள்ளி நாலு. இதிலிருந்து பென்சீனோட மைனஸ் மூவாயிரத்து இருநூத்தி அறுபத்தேழு புள்ளி நாலைக் கழிக்கணும். விடை நாப்பத்தொம்பது கிலோ ஜூல்."

ஒரு மூச்சில் சொன்னாள். எழுதினேன். கடைசியில் பத்து விடைகளையும் வாசித்துக் காட்டினேன். தலையாட்டினாள். கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு வந்தேன்.

வரும் வழியெல்லாம் ஒரு பிள்ளைக்கு நம்மால் ஆனதைச் செய்தோம் என்று நிறைவாக இருந்தது. மனைவி காந்திமதியிடம் சொல்ல வாயெடுத்தேன். அவள் வற்றலுக்குக் கூழ் காய்ச்சிக்கொண்டிருந்தாள். அப்புறம் சொல்லலாம் என்று விட்டுவிட்டேன்.

மே 19, ஞாயிறு

மொட்டை மாடியில் வற்றல் காய்கிறது. காக்கை விரட்டும் உத்தியோகம் எனக்கு.

மே 21, செவ்வாய்

டிரில்லிங் பிட் தேடிப் பரண் மேல் ஏறினேன். வேறு எதற்கும் ஏறவில்லை. பழைய டிரங்குப் பெட்டி கண்ணில் பட்டது, திறந்தேன்.

இந்த வீட்டில் யாருக்கும் தெரியாத ஒன்றை இங்கே எழுதிவைக்கிறேன். நான் இரண்டு வருஷம் பி.எஸ்சி. வேதியியல் படித்தவன். வெப்ப வேதியியல் தாளில் தண்ணீரின் உருவாதல் என்தால்பியைக் கேட்டிருந்தார்கள். எண்ணைச் சரியாக எழுதி மைனஸ் போடாமல் விட்டுவிட்டேன். பேராசிரியர் என் தாளை வகுப்பு முழுக்கத் தூக்கிக் காட்டி, "மைனஸ் எங்கடே?" என்றார். ஒன்று உருவாகும்போது வெப்பம் வெளியே வரும், வெளியே வந்தால் மைனஸ், இது தெரியாதவன் எல்லாம் எதற்கு இங்கே வருகிறாய் என்று கேட்டார். அன்றிலிருந்து வகுப்பில் என் பெயர் மைனஸ். விடுதியில், மெஸ்ஸில், எங்கே போனாலும் "ஏலே மைனஸ்". அந்தத் தாளில் தேறவே முடியவில்லை. படிப்பை விட்டு, அடுத்த வருஷம் வேறு கல்லூரியில் பி.ஏ. வரலாற்றில் சேர்ந்தேன். கல்யாணத்துக்குப் பெண் பார்க்கப் போனபோது அந்த இரண்டு வருஷத்தை அப்பாவுக்கு உடம்பு சரியில்லை என்று கணக்குச் சொன்னோம்.

பெட்டியில் அந்தப் புத்தகம் இருந்தது. அட்டவணைப் பக்கத்தில் கரையான் இல்லை. தண்ணீருக்கு மைனஸ். கரியமில வாயுவுக்கு மைனஸ். மீத்தேனுக்கு மைனஸ். கீழே பென்சீன். அதற்கு மைனஸ் இல்லை. நாற்பத்தொன்பது, முன்னால் ப்ளஸ்.

ஒரே தூசி. தும்மல் பிடித்துக்கொண்டது. டிரில்லிங் பிட் கிடைக்கவில்லை.

மே 22, புதன்

தும்மல் நிற்கவில்லை. எங்கும் போகவில்லை.

மே 24, வெள்ளி

வேலம்மாள் போன் செய்தார். பட்டியல் ஒட்டிவிட்டார்களாம். கடைசியாக இடம் கிடைத்த இருபத்து நான்காவது பெண்ணுக்கு நாற்பது. உலகுவுக்கு முப்பத்தொன்பது. காத்திருப்போர் பட்டியலில் முதல் பெயர் அவளுடையது.

"ஒரு மார்க்குல போச்சே சார். தாளைக் காட்டுவாங்களாம். எழுதுன சாரும் கூட வரணும்னு விதி இருக்காம். திங்கக்கிழமை வருவீங்களா?"

வருகிறேன் என்றேன். விதி என்றால் போகத்தானே வேண்டும். கொஞ்சம் காய்ச்சல் மாதிரி இருக்கிறது, திங்கட்கிழமைக்குள் கூடினால் போக முடியாது என்று காந்தியிடம் சொல்லிவைத்தேன். அவள் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். "காய்ச்சலும் இல்ல ஒண்ணும் இல்ல. எதுக்கு இப்ப நடிக்கீங்க?" என்றாள்.

மே 27, திங்கள்

போனேன்.

சிவகாமி மேடம் தாளை மேசையில் விரித்து ஒவ்வொரு பக்கமாகக் காட்டினார். ஏழாவது விடையில் ஐந்துக்கு மூன்று. படிகளுக்கு மூன்று கொடுத்துவிட்டு, விடைக்கு உள்ள இரண்டைக் குறைத்திருந்தார். விடையின் முன்னால் இருந்த மைனஸைச் சுற்றிச் சிவப்பு வட்டம்.

"எல்லா ஸ்டெப்பும் கரெக்டா வந்துருக்கு. கடைசியில குறியில விட்டுட்டியேம்மா. இது ஒண்ணு சரியா இருந்திருந்தா நாப்பத்தொண்ணு" என்றார் மேடம்.

வேலம்மாள் பிள்ளையைப் பிடித்துக்கொண்டார். "இம்புட்டையும் சரியாச் சொல்லிட்டு இதைப் போய்த் தப்பாச் சொல்லுவாளா ஒருத்தி? புத்தி எங்கட்டி போச்சு? என்னைக்கும் அவசரம், எதுலயும் அவசரம்."

உலகு அந்தச் சிவப்பு வட்டத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். ரொம்ப நேரம் பார்த்தாள். என்னைப் பார்க்கவில்லை. நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். மேடம் அருகில்தான் இருந்தார், தாள் முன்னால்தான் இருந்தது. "பார்த்தாயிற்று" என்று எழுதிய இடத்தில் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். போட்டேன். எப்போதும் போல அழகாகவே விழுந்தது.

வெளியே, ஆட்டோவுக்கு அம்மா போனபோது நாங்கள் இருவரும் வேப்பமரத்தடியில் இருந்தோம். அவளாகவே பேசினாள்.

"பென்சீன் தானா உருவாகாது சார். நாமதான் வெளிய இருந்து சூடு குடுக்கணும். குடுத்தாத்தான் சேரும். அதான் ப்ளஸ்."

"ம்."

"விடுங்க சார். வெயிட்டிங்ல நான்தான் முதல் ஆளு. வருஷா வருஷம் ரெண்டு மூணு பேரு இன்ஜினியரிங் கிடைச்சுப் போயிருவாங்களாம். கேட்டுட்டேன்."

ஆட்டோ வந்துவிட்டது. நாற்காலியை மடக்கிப் பின்னால் வைக்க ஒத்தாசை செய்தேன்.

மே 28, செவ்வாய்

நான்தான் போட்டேன்.

அவள் "நாப்பத்தொம்பது" என்றுதான் சொன்னாள். மைனஸ் வர வேண்டிய இடத்தில் எல்லாம் மைனஸ் என்று தெளிவாகச் சொன்னவள், விடையில் சொல்லவில்லை. எனக்கு அந்த நேரத்தில் வகுப்பு முழுக்கச் சிரித்தது கேட்டது. ஐயோ, பிள்ளை என்னைப் போலவே விட்டுவிட்டாளே என்று பதறினேன். கை தன்னால் ஒரு கோடு போட்டுவிட்டது என்று எழுதலாம். தன்னால் போடவில்லை. யோசித்துத்தான் போட்டேன்.

வாசித்துக் காட்டினேன் என்று பதினெட்டாம் தேதி எழுதியிருக்கிறேன். அதுவும் முழு உண்மை இல்லை. விடையை வாசிக்கும்போது "நாற்பத்தொன்பது கிலோ ஜூல்" என்று மட்டும் வாசித்தேன். மைனஸை வாசித்தால் "நான் அப்படிச் சொல்லலியே சார்" என்பாள், குழம்புவாள், தேர்வு நேரத்தில் எதற்கு என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். பாடம் தெரிந்தவன் ஸ்கிரைப்பாக இருக்கக் கூடாது என்று ஏன் விதி வைத்தார்கள் என்று இப்போது தெரிகிறது. பாடம் அரைகுறையாகத் தெரிந்தவனைப் பற்றி விதியில் ஒன்றுமில்லை.

வெட்கமாக இருக்கிறது.

மே 30, வியாழன்

காந்திமதியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பி.எஸ்சி. கதையையும் சேர்த்து. அவள் வற்றலை டப்பாவில் அடைத்துக்கொண்டிருந்தாள். கோபப்படுவாள் என்று நினைத்தேன்.

"இருபத்தேழு வருஷமா இதையா மறைச்சு வச்சிருந்தீங்க? நான் என்னவோ நெனச்சேன்" என்றாள். பிறகு, "அந்தப் பிள்ளைட்ட சொன்னீங்களா?" என்று கேட்டாள்.

"அவளுக்குத் தெரியும்."

"அதுக்குத் தெரியுறது வேற. நீங்க சொல்லுறது வேற. போய் மன்னிப்புக் கேட்டுட்டு, என்னம்மா செய்யட்டும்னு கேளுங்க."

பதினேழு வயதுப் பிள்ளையிடம் போய் என்ன செய்யட்டும் என்று கேட்டால் அது என்ன சொல்லும்? பெரியவர்கள் செய்த தப்பைப் பெரியவர்கள்தான் சரிசெய்ய வேண்டும். எழுத்தில் செய்த தப்பு, எழுத்தில்தான் தீர வேண்டும். கல்லூரி முதல்வருக்குக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். மூன்று பிரதி கிழித்து நான்காவது சரியாக வந்தது. இதனால் என் வேலைக்கு என்ன வந்தாலும் வரட்டும். இந்த வரியை எழுதும்போது கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

ஜூன் 1, சனி

கடிதம் சட்டைப் பையில் இருக்கிறது. இன்று கல்லூரி விடுமுறையாக இருக்கலாம் என்று போகவில்லை. விசாரிக்கவும் இல்லை.

ஜூன் 3, திங்கள்

கொடுத்துவிட்டேன்.

முறைப்படி செய்ய வேண்டும் என்று நேராகத் தபால் பிரிவுக்குப் போனேன். கடிதத்தைப் பதிவேட்டில் ஏற்றி, முத்திரை குத்தி, என் நகலில் எண் போட்டுக் கொடுத்தார்கள். முப்பது வருஷ அரசுப் பள்ளி அனுபவம் சொல்லிக்கொடுத்தது அது: முத்திரை இல்லாத காகிதத்தை யாரும் மதிக்க மாட்டார்கள். அதற்குப் பிறகுதான் சிவகாமி மேடத்தைப் பார்க்கப் போய், நகலை நீட்டினேன்.

அவர் வாசித்தார். முத்திரையைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"சார், முதல்ல என்கிட்ட வந்துருக்கக் கூடாதா?"

"ஏன் மேடம்? உண்மையைத்தானே எழுதியிருக்கேன். அந்த மைனஸ் என்னோடது. அதை எடுத்துட்டா அந்தப் பிள்ளைக்கு நாப்பத்தொண்ணு."

"நீங்க சேத்தது அது ஒண்ணுதான்னு நான் எப்படிச் சொல்லுவேன்? மத்த ஒன்பது விடையும் அந்தப் பொண்ணு சொன்னதுதான்னு யாரு சாட்சி? ஸ்கிரைப்பே நான் மாத்தி எழுதினேன்னு எழுதிக் கொடுத்தா, விதிப்படி அந்தத் தாளே செல்லாது."

எனக்கு விளங்க நேரம் பிடித்தது.

"அப்ப முப்பத்தொன்பது?"

"அதுவும் இல்ல சார். வெயிட்டிங் லிஸ்ட்டுலயும் இருக்க முடியாது."

"மறுபடி ஒரு தேர்வு வைக்கலாமே. நான் வேண்டாம், வேற ஸ்கிரைப் வச்சு. பிள்ளை பத்து நிமிஷத்துல சொல்லிருவா."

"லிஸ்ட் ஒட்டியாச்சு. ஏழாம் தேதியோட சேர்க்கை முடியுது. ஒருத்திக்கு மட்டும் இன்னொரு தேர்வுன்னா மத்தவங்க கோர்ட்டுக்குப் போவாங்க." கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, "வெறும் பேச்சா வந்து சொல்லியிருந்தீங்கன்னா நான் கேக்காத மாதிரி இருந்திருப்பேன்" என்றார்.

கடிதத்தைத் திருப்பி வாங்கிக்கொள்கிறேன் என்றேன். கெஞ்சினேன் என்று எழுதினால்தான் சரி. பதிவேட்டில் ஏறியதை எடுக்க முடியாதாம். அது எனக்குத் தெரியாதா?

ஜூன் 4, செவ்வாய்

தங்கையா வந்து மோட்டாரைச் சரிசெய்துவிட்டார். தண்ணீர் ஏறுகிறது.

ஜூன் 6, வியாழன்

மதியம் வேலம்மாள் போன் செய்தார். வேதியியலில் சேர்ந்த பெண் ஒருத்திக்குச் சென்னையில் இன்ஜினியரிங் கிடைத்துவிட்டது, ஓர் இடம் காலி. இவர்களைக் கூப்பிடுவார்கள் என்று காலையிலிருந்து போனையே பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறார்கள். கூப்பிடவில்லை என்றதும் அம்மா நேரில் போயிருக்கிறார். இரண்டாவதாக இருந்த பெண்ணுக்குக் கொடுத்துவிட்டார்கள்.

"எங்க பிள்ளைக்குத் தாளே செல்லாதுங்காங்க சார். ஏன்னு கேட்டா கடுதாசி வரும்ங்காங்க. நீங்க வெவரம் தெரிஞ்சவங்க, கொஞ்சம் கேட்டுச் சொல்லுங்க சார்."

"விசாரிக்கிறேன்" என்றேன். இதை எழுதும்போதும் கை கூசுகிறது.

ஜூன் 7, வெள்ளி

குற்றாலத்துச் சாரல் இங்கே வரை வீசுகிறது. குடை எடுக்காமல் போனேன். காந்தியும் வருகிறேன் என்றாள், வேண்டாம் என்றேன்.

வாசலிலேயே நின்று சொல்லி முடித்தேன். மைனஸ் போட்டது, வாசிக்காமல் விட்டது, கடிதம் கொடுத்தது. வேலம்மாளுக்கு முதலில் பிடிபடவில்லை. பிடிபட்டதும் மடியிலிருந்த முறத்தைக் கீழே வைத்தார். வீட்டில் அவர் கை சும்மா இருந்து இன்றுதான் பார்த்தேன்.

"நான் இந்தப் பிள்ளையையில்லா ஏசினேன். பத்து நாளா ஏசிக்கிட்டு இருக்கேன். ஏட்டி, நீயாவது சொல்லக் கூடாதா?"

"சொன்னா நீ போய்ச் சண்டை போடுவ. சண்டை போட்டா தாள் போயிரும். அதான் சும்மா இருந்தேன்" என்றாள் உலகு.

அவள் அன்றைக்கே எல்லாவற்றையும் கணக்குப் போட்டுவிட்டாள். சிவப்பு வட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்த அந்த நேரத்தில், யார் போட்டது, சொன்னால் என்ன ஆகும், சொல்லாவிட்டால் என்ன ஆகும் என்று எல்லாப் படியையும் போட்டுப் பார்த்து விடைக்கு வந்திருக்கிறாள். விடுங்க சார் என்றது பெருந்தன்மை என்று நினைத்தேன். அவள் என்னிடம் ஒரு காரியம் சொல்லியிருக்கிறாள்: சும்மா இரு என்று.

"எல்லாம் உனக்காகத்தான்மா செஞ்சேன்" என்றேன்.

அவள் குரல் உயரவில்லை. "ரெண்டு தடவையும் எனக்காகத்தான் செஞ்சீங்க சார். ரெண்டு தடவையும் என்கிட்ட ஒரு வார்த்தை கேக்கல."

அம்மா அழுதார். நான் நனைந்துகொண்டே திரும்பினேன். காந்தி சொன்னதை அன்றே கேட்டிருக்கலாம்.

ஜூன் 8, சனி

வேறு மூன்று கல்லூரிகளுக்குப் போன் செய்தேன். மாடி. மாடி. மூன்றாவதில் எல்லாமே தரைத்தளம்தான், ஆனால் வேதியியலே கிடையாது.

ஜூன் 10, திங்கள்

பள்ளி திறந்தாயிற்று. பத்தாம் வகுப்பில் உலகப்போர் ஆரம்பித்தேன். பலகையில் எழுதும்போது "சார் கையெழுத்து சூப்பர்" என்று ஒரு பிள்ளை சொன்னாள். அழித்துவிட்டு வாயால் நடத்தினேன்.

தலைமையாசிரியர் கூப்பிட்டு, கல்லூரியிலிருந்து என்னைப் பற்றிக் கடிதம் வந்திருக்கிறது, விளக்கம் எழுதிக் கொடுங்கள் என்றார். இனி ஸ்கிரைப் வேலைக்கு என் பெயரை அனுப்ப மாட்டார்களாம். நல்லது.

ஜூன் 12, புதன்

மாலையில் வேலம்மாள் போன் செய்தார். "உலகு உங்கள வரச் சொல்லுதா" என்றார். அவ்வளவுதான், வேறு பேச்சு இல்லை. போனேன். உள்ளே கூப்பிட்டு நாற்காலி போட்டார்கள். கலர் இல்லை, முறுக்கு இல்லை. நான் எதிர்பார்க்கவும் இல்லை.

மேசையில் ஒரு விண்ணப்பம் இருந்தது. நான் போன் செய்த அந்த மூன்றாவது கல்லூரியுடையது, அவர்களாகவே வாங்கியிருக்கிறார்கள். நாளைதான் கடைசி நாள்.

"அம்மாவுக்கு எழுத வராது. பக்கத்து வீட்டு அக்கா ஊருல இல்ல. நீங்க எழுதுங்க சார்" என்றாள் உலகு.

பேனாவை எடுத்தேன்.

"நான் சொல்லுறத மட்டும் எழுதுங்க."

பெயர் சொன்னாள், எழுதினேன். பிறந்த தேதி, அம்மா பெயர், முகவரி, பன்னிரண்டாம் வகுப்பு மதிப்பெண்கள். வேதியியலில் தொண்ணூற்று ஆறு. பிறகு 'சேர விரும்பும் பாடம்' என்ற கட்டம் வந்தது. அவள் கண்ணை மூடிக்கொண்டாள். கணக்குச் சொல்லும்போது மூடுவாளே, அப்படி.

"பி.ஏ. வரலாறு."

என் கை நின்றது. முப்பத்தைந்து வருஷத்துக்கு முன்னால் இதே கட்டத்தில் இதே பாடத்தை என் கையால் எழுதியிருக்கிறேன். ஒரு வருஷம் பொறு அம்மா, அடுத்த வருஷம் அதே தேர்வை எழுதலாம், நான் மேடத்தின் காலில் விழுகிறேன் என்று சொல்ல நாக்கு வரை வந்தது. அடுத்த வருஷம் கை இன்னும் எவ்வளவு போயிருக்கும், மூச்சு எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாது. அவளுக்குத் தெரியும். அவள் அந்தப் படியையும் போட்டுப் பார்த்திருப்பாள்.

"வரலாறுக்கு லேப் கிடையாதுல்லா சார்" என்றாள், கண்ணைத் திறக்காமலே.

"கிடையாதும்மா."

எழுதினேன். வேலம்மாள் பீடி இலையை வெட்டிக்கொண்டே என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"வாசிச்சுக் காட்டுங்க" என்றாள் உலகு.

முதல் வரியிலிருந்து வாசித்தேன். பெயருக்கு முன்னால் உள்ள எழுத்து, புள்ளி, கதவு எண்ணில் உள்ள சாய்கோடு, பின்கோடு, ஒன்றையும் விடவில்லை. பாடம் என்ற இடத்தில் விரலை வைத்து வாசித்தேன். பி.ஏ. வரலாறு.

அவள் கண்ணைத் திறந்து கட்டத்தை ஒருமுறை பார்த்தாள்.

"சரியா இருக்கு சார்" என்றாள்.